அழ வேண்டாம் என்ற அண்ணன்

புசல்லாவைத் தோட்டத்தில் தேயிலைக் கொழுந்து நிறுக்கக் கூடையை இறக்கிய நேரம், கலஹாவிலிருந்து ஆள் வந்தது. "டிஸ்பென்சர் ஐயா போயிட்டாருங்க அக்கா. நீங்க வந்தா அழக்கூடாதுன்னு சொல்லிட்டுத்தான் போனாரு."

என் அண்ணன் முத்துவேல் அவர்கள், கலஹாத் தோட்டமொன்றில் மருந்து கொடுத்தவர். கங்காணியாக இருந்த அப்பா அவரைக் கண்டியில் இங்கிலீஷ் படிக்க வைத்தார். எனக்கு மூன்றாம் வகுப்போடு சரி. அண்ணன் திரும்பி வந்தபோது கையில் ஒரு புத்தகம். முந்நூறு வருஷத்துக்கு முன் பிரான்சு தேசத்தில் இருந்த ஒருவர் சொன்னதாம்: எதையும் சந்தேகப்படு, அறிவுக்குத் தெளிவாகப் பட்டதை மட்டும் ஒப்புக்கொள், உடம்பு ஒரு யந்திரம்.

அதை நம்பி அண்ணன் நல்லதும் செய்தார். மந்திரிக்க வந்தவனை விரட்டி, கொயினா கொடுத்துக் காய்ச்சல்காரர்களை எழுப்பினார். "சாதியை எவன் கண்ணால பாத்தான்?" என்று கேட்டு எல்லாரையும் ஒரே பெஞ்சில் உட்கார வைத்தார். பெரிய கங்காணிமார் முகம் கறுத்தது.

ஆனால் செத்த வீட்டில் ஒப்பாரி வைக்க விடமாட்டார். அவர் தோட்டத்துச் செவனம்மாவின் பிள்ளை கழிச்சலில் போனபோது, மாரில் அடித்துக்கொண்டிருந்தவளிடம், "நின்னுபோன கடிகாரத்துக்கு யாராச்சும் அழுவாங்களா? சொல்லு" என்றார். "அழமாட்டாங்க ஐயா" என்று அவள் வாயால் வரும்வரை விடவில்லை. என் மகள் போனபோதும் பஸ் ஏறி வந்தார். "மங்கா, யோசிச்சுப் பாரு" என்றார். யோசித்தேன். அழுகை உள்ளேயே நின்றுவிட்டது. தங்கச்சி புத்திசாலி என்று எல்லாரிடமும் சொன்னார்.

அவர் பேச்சைத் தட்டாதவள் நான். கலஹா போய் அவர் முகத்தைப் பார்த்ததும் தட்டத் துணிந்தேன். ஒப்பாரியைத் தனியாக வைக்க முடியாது. ஒருத்தி தோளை ஒருத்தி கட்டிக்கொண்டு, அவள் எடுக்க இவள் தொடர வேண்டும். தோட்டத்து லயன் வீடுகளின் பெண்கள் எல்லாரும் வந்திருந்தார்கள். குந்தி உட்கார்ந்து செவனம்மா பக்கம் கையை நீட்டினேன்.

அவள் கிட்ட வரவில்லை. "ஐயா பேச்ச மீறலாமாக்கா? எங்களுக்கும் அழுது பழக்கம் விட்டுப்போச்சுங்க" என்றாள். பின்னால் யாரோ சிரித்தார்கள்.

ஒண்டியாக மாரில் அடித்துப் பார்த்தேன். ராகம் வரவில்லை, இருமல்தான் வந்தது. தப்பு மேளமும் இல்லாமல், சங்கும் இல்லாமல், நாலு பேர் விறகு சுமப்பது மாதிரி அவரைத் தேயிலைக்குள் புதைக்கத் தூக்கிப் போனார்கள்.

எத்தனையோ பேரைப் பிழைக்க வைத்தவர். போய் வாங்க அண்ணே. உங்களுக்கென்று நான் ஒருத்திதான் மிச்சம். எனக்கும் அழத் தெரியாமல் போயிற்று.