வெளிச்ச வீட்டில் என் துளை

போளூரில் வரிசையாகக் கடைகள் கட்டினேன், சந்தவாசலில் ரைஸ் மில் கட்டினேன், லாரி ஏறாத காலத்தில் இந்த ஜவ்வாது மலையில் கிணறு வெட்டினேன். மூன்றாம் வகுப்போடு நின்றவன் நான். நடக்காது என்று சொன்னவர்கள் இன்று என் கடைகளில்தான் வாடகைக்கு இருக்கிறார்கள்.

இப்போது முழங்கால் வலியோடு வெளிச்ச வீட்டுக்குள் உட்கார்ந்திருக்கிறேன். இந்த ஊருக்குத் தெரிந்ததெல்லாம் இதன் கல்கூரைத் துளைகளில் இருக்கிறது. ஒரு துளை வழியே விழும் வெயில், சுவரில் வரைந்துவைத்திருக்கும் சாமைக் கதிரைத் தொட்டால் சாமை விதைப்பார்கள். இன்னொன்று சுவரில் இருக்கும் புளியமரப் படத்தைத் தொட்டால் புளி உலுக்குவார்கள். புதிதாக ஒன்று தெரிந்தால் புதுத் துளை போடுவார்கள். என் கிணற்றில் தூர் வாரும் நாளுக்கும் ஒரு துளை உண்டு. வருஷா வருஷம் அந்த வெயிலைப் பார்க்கவே பஸ் ஏறி வருகிறேன்.

அந்தத் துளையைத்தான், வீட்டைப் பார்த்துக்கொள்ளும் முனியம்மா ஏணியில் நின்று களிமண்ணால் அடைக்கிறாள்.

"இன்னாம்மா பண்ற?"

"கெணத்துல ஊத்தே செத்துப் போச்சுங்க மேஸ்திரி. பொய் சொல்ற வெளிச்சத்த வெச்சிருந்தா, மம்புட்டி எடுத்துகினு போயி ஏமாந்து நிப்பாங்க."

"வெட்டினவன் உயிரோடதான் இருக்கறேன்."

"உங்கள அடைக்கலீங்களே. நவுந்து குந்துங்க, மண்ணு தலைல வுழுது."

நகர்ந்து உட்காருகிறேன். சுவரில் வரைந்த கிணறு இருண்டுவிட்டது. சண்டை போடத் தெம்பில்லை.

அடைக்கட்டும். ஆனால் அத்தனை துளைகளையும் தாங்கும் கூரைக்கல்லைத் தோளில் சுமந்து ஏற்றியது நானும் என் ஆட்களும். அதைச் சொல்லாமல் யாரும் இந்த வீட்டைப் பற்றிப் பேசக் கூடாது.