எழுதாத பக்கத்தில் கையெழுத்து

எம்.ரெட்டியபட்டிக்குக் கிழக்கே ஒரு சிற்றூரில் ஆடு மேய்க்கும் கஸ்தூரி, பஸ் டிக்கெட்டைக்கூடத் திருப்பிப் பார்த்துத்தான் முந்தியில் முடிந்துகொள்வார். குடியரசு தினத்துக் கிராம சபைக்கும் சந்தேகத்தோடுதான் போனார். ஊரின் மேய்ச்சல் நிலத்தை சோலார் கம்பெனி கேட்கிறதாம். அது போனால் அவருடைய இருபது ஆடுகளையும் விற்க வேண்டியதுதான்.

ஊராட்சிச் செயலர் உதயகுமார் அரசியலமைப்பின் முகப்புரையை உருக்கமாக வாசித்தார். 'இந்திய மக்களாகிய நாம்' என்று தொடங்கி, இந்தச் சட்டத்தை 'நமக்கு நாமே' வழங்கிக்கொள்வதாக முடியும் அந்த வாசகத்தை எல்லோரும் எழுந்து நின்று சொன்னார்கள். உட்கார்ந்ததும் தீர்மானப் புத்தகம் சுற்றி வந்தது. கஸ்தூரியின் கைக்கு வந்தபோது பக்கம் வெறுமையாக இருந்தது.

"கையெழுத்தப் போடுங்கக்கா, பெறகு எழுதிக்கிறேன்."

"'நமக்கு நாமே'ன்னு இப்பத்தான சார் வாசிச்சீக? நாம என்ன முடிவு பண்ணோம்னு நமக்கே தெரியாமயா போடுறது?"

கூட்டம் சிரித்தது. மேய்ச்சல் நிலத்தை யாருக்கும் தருவதில்லை என்று ஊரார் சொன்னதை உதயகுமார் அங்கேயே எழுதினார், ஒரு வார்த்தை மறுத்துப் பேசாமல். அதுதான் கஸ்தூரிக்கு உறுத்தியது. கடைசி வரிக்குக் கீழே மிச்சமிருந்த இடத்தில் குறுக்குக்கோடு இழுத்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார். போனில் படமும் எடுத்துக்கொண்டார்.

"இன்னும் என்னக்கா சந்தேகம்?"

"அடுத்த பக்கத்தக் காட்டுங்க சார். அதுலயும் கோடு போடணும்."