துருத்தியாரின் மூச்சு

2016 மார்ச் 9, புதன்கிழமை, மாலை 4.05. இசைக்குழுவின் ஒத்திகை அறையில், பழைய சுருதிக் கருவியின் கோடுகள் நின்றன.

நான் கண்ணால் பார்த்தது இது. பேய்க்கதை சொல்பவர்களை நான் மதிப்பதில்லை. என் மனைவியின் அண்ணனை அதைவிடவும் மதிப்பதில்லை. அவர்தான் குழுத் தலைவர். சுருதிக்கும் சைக்கிள் மணிக்கும் அவருக்கு வித்தியாசம் தெரியாது.

அதை மறைக்கத்தான் அந்தக் கருவியை வாங்கினார். அரை நூற்றாண்டுப் பழசு. தகரப் பெட்டி, கண்ணாடி ஜன்னல், உள்ளே கோடு போட்ட சக்கரம் சுழலும். மைக்கில் விழும் சுருதி சரியாக இருந்தால் கோடுகள் நிற்பதுபோலத் தெரியும். விலகினால் ஓடும். காற்றுப்பையை அக்குளில் இடுக்கிப் பேக்பைப் ஊதும் பெரியவரை மட்டும் செவ்வாயன்று அதன்முன் நிறுத்தினார். குழுவில் அவருக்குப் பட்டப்பெயர் துருத்தி. கோடுகள் ஓடின.

"மெஷினே சொல்லுது, துருத்தி. நாளைக்கு நாலு மணிக்குப் பேக்பைப்பை ஒப்படைச்சிட்டுக் கிளம்பு."

"ஒரு தடவை காதால கேளுங்க தம்பி. எனக்கு வேற பொழப்பு தெரியாது."

"காதால கேக்கவா மெஷின் வாங்கியிருக்கேன்?"

மறுநாள் பெரியவர் வரவில்லை. அறையில் நாங்கள் இருவர்தான். மச்சான் கருவியை ஓடவிட்டு என்னிடம் பெருமை அடித்துக்கொண்டிருந்தார்.

கோடுகள் நின்றன.

"மோட்டார் போச்சு" என்றார். பெட்டியில் கை வைத்துப் பார்த்தேன். அதிர்ந்தது. சக்கரம் சுழன்றுகொண்டுதான் இருந்தது.

அப்படியானால் ஏதோ ஒரு சுரம் துல்லியமாக ஒலிக்கிறது... எங்களுக்குக் கேட்கவில்லை.

கோடுகள் மெல்ல நழுவின. நின்றன. மறுபடி நழுவின... நின்றன. பேக்பைப் ஊதுபவர் மூச்சு இழுக்கும்போது முழங்கையால் பையை அழுத்துவார். அப்போது சுருதி மயிரிழை இறங்கி ஏறும்.

"ஊதுறாரு" என்றேன்.

"யாரு?"

"உங்க துருத்திதான்."

மச்சான் மைக்கைப் பிடுங்கி எறிந்தார்.

கோடுகள் ஓடவில்லை.

நழுவின... நின்றன.

நழுவின...

4.20. ஓடத் தொடங்கின.

சற்று நேரத்தில் பெரியவரின் மகள் வந்து பேக்பைப்பை மேசைமேல் வைத்தாள்.

"அப்பா காலைல தவறிப் போயிட்டாரு. இதை ஒப்படைக்கணும்னு ராத்திரியே சொல்லி வச்சிருந்தாரு."

ஊதுகுழாயின் நுனி ஈரமாக இருந்தது.

மறுவாரம் மெக்கானிக் பெட்டியைத் திறந்தார். "மைக் வயரை உள்ளயே எப்பவோ வெட்டிட்டாங்க சார். முனையெல்லாம் பச்சை பூத்துக் கெடக்கு. இதுக்குக் காதே கெடையாது. யார் ஊதினாலும் கோடு ஓடிட்டேதான் இருக்கும். நிக்கவே நிக்காது."

மச்சான் பெட்டியை மூடச் சொன்னார்.

பெரியவரை நீக்கிய உத்தரவு ரத்தாகவில்லை. அந்த இடத்தில் இப்போது மச்சானின் மகன் ஊதுகிறான்.