பஸ்ஸில் பிறந்த கால வித்தகர்

மஞ்சூர் ஆபீஸுக்குப் போகும் பஸ்ஸில், என்னோடு வேலை பார்த்த தோழியும் நானும் சேர்ந்து ஓர் அறிஞரைக் கற்பனை செய்தோம். காலத்தை நிறுத்தும் மந்திரம் கற்றவர் அவர்.

அம்மா குன்னூர் ஆஸ்பத்திரியில் உயிரைவிட்டபோது நான் அங்கே போகும் வழியில் வெலிங்டன் போக்குவரத்து நெரிசலில் சிக்கியிருந்தேன். பிறகு எங்கள் கதையில், நான் போய்ச் சேரும்வரை அம்மாவின் மூச்சு பிரியாமல் அவர் காலத்தை நிறுத்திவைத்ததாகச் சேர்த்தேன். அது தோழிக்கு மட்டுமே தெரியும்.

போன வருஷம் அந்த அறிஞரின் வாழ்க்கை அவள் பெயரில் புத்தகமாக வந்தது. அதில் ஒரு மகள் சாகக் கிடக்கும் தன் அம்மாவுக்காக அவர் காலில் விழுந்து கெஞ்சுகிறாள், அவர் மறுத்துவிடுகிறார்.

"ஏனுங்க, எங்க அம்மாவை எதுக்குச் சாகவிட்டீங்க?" என்று பஸ்ஸிலேயே கேட்டேன்.

"கதைக்கு அதுதானுங்க நல்லா இருந்துச்சு," என்றாள்.

அடுத்த நிறுத்தத்தில் இறங்கிவிட்டேன். இப்போதெல்லாம் முந்தின பஸ்ஸில் தனியாகத்தான் போகிறேன்.