தெருவாரியாக அடுக்கிய வாசகசாலை

நாலாம் கிளாசோடு படிப்பை விட்டவன் நான். ஆனாலும் இராஜாக்கமங்கலம் பக்கத்தில் ஒரு வாசகசாலையை ஐந்து வருஷம் ஒற்றையாளாக நடத்தினேன். எவனும் குறை சொன்னதில்லை. புத்தகங்களைத் தெருவாரியாக அடுக்கியிருந்தேன். மேலத்தெருக்காரர்கள் விரும்பி எடுப்பவை மேல்தட்டில், கடற்கரைக்காரர்கள் எடுப்பவை கீழ்த்தட்டில்.

திருவிதாங்கூரும் கொச்சியும் ஒன்றாயிருந்த திரு-கொச்சி ஆட்சியில் ஒருநாள், நூலகப் பயிற்சி முடித்த அதிகாரி ஒருவர் சோதனைக்கு வந்தார். பயிற்சி இல்லாதவர்களை வேலையை விட்டு எடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டிருந்தேன்.

"புஸ்தகத்துல நம்பர் எங்க வேய்?"

"நம்பர் இல்ல சார். எல்லாம் மனசுல உண்டு."

"நெல்லுல பூச்சி விழுறதப் பத்தி ஏதாவது?"

திரும்பிப் பார்க்காமலே எடுத்து நீட்டினேன்.

"கெட்டிக்காரன்தான். நாளைக்கு நீரு காய்ச்சல்ல கிடந்தா, இத எவன் எடுப்பான்?"

புத்தகத்தைத் திரும்ப வாங்கி, இருந்த இடத்திலேயே வைத்தேன்.

"எத்தன கிளாஸ்?"

"நாலு" என்றேன்.

எழுத எடுத்த பேனாவை மூடிப் பையில் செருகினார். "திங்கக்கிழமை பயிற்சிக்கு வாரும். பரீட்சையில தோத்தா சாவிய வெச்சிட்டுப் போவும்."

அவர் போனதும் மேல்தட்டுப் புத்தகங்களை இறக்கி, ஒன்று, இரண்டு என்று எழுதத் தொடங்கினேன். அப்படித்தான் எழுதவேண்டுமா என்றுகூடத் தெரியாது. சும்மா இருக்கத்தான் பயமாக இருந்தது.