விழாத கோடரி

எங்கள் மலை முகாமில் குமாகிச்சி அத்தானின் பெயரைச் சொன்னால் முதலில் சிரிப்பார்கள். முப்பது வருடம் கோடரி பிடித்தவர் தன் காலையே வெட்டிக்கொண்டார் என்பதுதான் யாகுஷிமா தீவில் அவருக்கு மிஞ்சிய பெயர். "ஒத்தைக்கால் கொக்கு" என்று பட்டம் வைத்தவன் நான். அவர் என் அக்கா மிட்சுயேவின் புருஷன். அந்த உரிமையில் வைத்தேன்.

அவர் வேலை மரத்திடம் அனுமதி கேட்பது. எங்கள் சுகி தேவதாரு மரங்களில் ஆயிரம் வயது ஆகாததைக் குட்டி என்போம். அதைக் கேட்காமலே வெட்டலாம். ஆயிரம் தாண்டிவிட்டால் முதல் நாள் மாலையே அடிமரத்தில் கோடரியைச் சாய்த்து, ஒரு கிண்ணம் சாராயமும் வைத்துவிட்டு வர வேண்டும். காலையில் கோடரி நின்றால் வெட்டலாம். விழுந்து கிடந்தால் மரம் மறுத்துவிட்டது என்று அர்த்தம். அலகின் ஒரு பக்கம் காப்புக்கு ஏழு கீறல் போட்ட அத்தானின் கோடரி பத்துக்கு மூன்று தடவையாவது விழும். மேஸ்திரி பல்லைக் கடிப்பார். அத்தான் காதில் போட்டுக்கொள்ள மாட்டார்.

ஒரே ஒரு தடவை போட்டுக்கொண்டார். இது எனக்கு வெகுநாள் கழித்துத்தான் தெரிந்தது. ஓயாத மழை, தண்டவாளத்தில் மரம் இறங்கவில்லை, மேஸ்திரி கண்டபடி கத்திய வாரம். விழுந்து கிடந்த கோடரியை யாரும் வருமுன் அத்தான் எடுத்து நிமிர்த்திவிட்டார். அன்று மதியம் அந்த மரம் திசை மாறிச் சாய்ந்து, அவருடைய ஜோடியாள் தோமேசோவை நசுக்கிப்போட்டது.

அதன்பின் ஐந்து வருடம் அவர் கோடரி விழவே இல்லை. புயல் அடித்த மறுநாளும் நின்றது. வழுக்குப் பாசியில், விரல் பட்டாலே சரியும்படி வைத்தாலும் நின்றது. மான் வந்து கிண்ணத்தைக் கவிழ்த்திருக்கும், கோடரி அசைந்திருக்காது. நாங்கள் கொண்டாடினோம். அத்தானின் முகம் மட்டும் வெளுத்துக்கொண்டே வந்தது.

"வேணாம்னு சொல்றதையே அது நிறுத்திடுச்சு மிட்சுயே," என்று அக்காவிடம் சொன்னாராம். "அதான் எனக்குப் பயமா இருக்கு."

அப்போதுதான் என் முறை வந்தது. எனக்கு இருபத்திரண்டு வயது. மேட்டில் ஏழு பேர் கைகோத்தாலும் எட்டாத மரம் ஒன்று. முதல் வெட்டு இசோஜிக்கு என்று மேஸ்திரி என்னைக் காட்டிச் சொல்லிவிட்டார்.

"இந்த மரம் வேண்டாம்டா மச்சான்," என்றார் அத்தான்.

"ஏன், எனக்குப் பேரு வந்துடும்னு வயித்தெரிச்சலா?"

"கோடாலி சொல்லட்டும்."

"உங்க கோடாலி என்னைக்கு வேணாம்னுச்சு?"

அவர் கோடரியையும் சாராயக் கிண்ணத்தையும் எடுத்துக்கொண்டு மேட்டுக்கு ஏறினார்.

மறுநாள் காலை மூடுபனியில் வரிசையாக ஏறினோம், அத்தான் முன்னால், நான் கடைசியில். கோடரி நின்றுகொண்டிருந்தது. அதைப் பார்த்ததும் அத்தானின் தொண்டையிலிருந்து ஒரு சத்தம் வந்தது. அப்படி ஒரு சத்தத்தை நான் அதற்கு முன் கேட்டதில்லை. நேரே போனார், கோடரியை எடுத்தார், இடது காலை வேரின் மேல் வைத்தார், இறக்கினார்.

பாதி பாதம் போய்விட்டது. மரம் ஏற்றும் வண்டியில் கிடத்திக் கீழே கொண்டுபோனோம். மனித ரத்தம் பட்ட மரத்தை எங்களில் யாரும் தொடுவதில்லை. மேஸ்திரி வேறு மரத்தைக் காட்டினார். ஒரு மாதத்தில் சிரிப்பு ஆரம்பித்தது.

பதினைந்து வருடம் கழித்து, கடற்கரையில் இருவரும் பறவைமீனைப் பிளந்து காயப்போட்டுக்கொண்டிருந்தோம். நாலு பேர் முன்னால் "கொக்கே" என்று கூப்பிட்டேன். அவர்கள் போகும்வரை பொறுத்திருந்து, தோமேசோ கதையைச் சொன்னார். பிறகு என் கதையைச் சொன்னார்.

"அன்னைக்கு விடியறப்பவே தனியாப் போனேன்டா. நின்னுக்கிட்டுதான் இருந்துச்சு. நானே கையால தள்ளிப்போட்டேன், உன் உசுரு தப்பட்டும்னு. கீழ வந்து உங்களக் கூட்டிக்கிட்டுப் போனா, எழுந்து நிக்குது! மலைக்கு நீதான் வேணும்னு புரிஞ்சுபோச்சு. என்கிட்ட வேற என்ன இருந்துச்சு? கால்தான் இருந்துச்சு."

என் கையிலிருந்த மீன் மணலில் விழுந்தது.

அவர் கால் போன அன்று காலை பேராசை என்னைப் படுக்கவிடவில்லை. யாருக்கும் தெரியாமல் ஓடைப் பாதையில் ஏறினேன். கோடரி விழுந்து கிடந்தது. சுற்றிலும் பார்த்தேன். எடுத்து, கீறல் பக்கம் மரத்தைப் பார்க்கும்படி நிமிர்த்திவிட்டு, இறங்கி வந்து வரிசையின் கடைசியில் சேர்ந்துகொண்டேன்.

"அத்தான், அது நான்தான்." மூன்றே சொல். அத்தனை வருடம் கேலி பேசிய வாயில் அது வரவில்லை. "விடுங்க அத்தான், பழைய கதை," என்றேன். அதன்பின் ஒன்பது வருடம் இருந்தார். தினமும் காலையில் கோலை ஊன்றி நின்று, மலையைப் பார்த்துக் குனிந்து மன்னிப்புக் கேட்பார். ஒன்பது வருடமும் பக்கத்து வீட்டிலிருந்து பார்த்தேன். என்னைப் போல் கோழை இந்தத் தீவில் இல்லை.

அவர் போனபின் அந்தக் கோடரியை எடுத்துக்கொண்டு மேட்டுக்கு ஏறினேன். மரம் அப்படியே இருந்தது. சாராயம் வைத்து, கோடரியைச் சாய்த்து, நான் செய்ததை வாய்விட்டுச் சொன்னேன். மறுநாள் போனேன்; நின்றது. உருளும் கல்லின் மேல் வைத்தேன், நின்றது. மூன்றாம் நாள் அடித்த காற்று என் தொப்பியைப் பள்ளத்தில் வீசியது. கோடரி நின்றுகொண்டிருந்தது.

"விழுந்துடு," என்று கெஞ்சினேன். கையால் தள்ளத் துணியவில்லை. தள்ளியபின் இந்தத் தடவை அது எழுந்து நின்றால், நிமிர்த்தியது நான் இல்லை.