ஏழாவது பெயர்

சின்ன வயதில் என் கையெழுத்து அழகு என்று பாராட்டியவர்கள் அத்தனை பேர் மேலும் எனக்கு இன்றைக்கும் கோபம் உண்டு. முதல் ஆள் அப்பா. பாராட்டைக் கேட்டு நெளிந்த என் மேலும் கோபம்தான்.

தொண்ணூறுகளின் நடுவில் நாங்கள் இத்தாலியில், பலேர்மோ நகரத்தின் சீசாப் பகுதியில் நாலாம் மாடியில் இருந்தோம். அம்மா லிபெர்த்தா தெருவில் தனியாக இருந்த ஒரு கிழவரைப் பார்த்துக்கொள்ளும் வேலைக்குப் போவார். பள்ளி விட்டதும் நானும் நேரே அங்கே போய்க் குசினி மேசையில் வீட்டுப்பாடம் செய்வேன். கிழவர் பக்தாத்தில் பிறந்த யூதர். எழுதுவதோ அரபியில். இளம் வயதில் அங்கேயே இரண்டு கதைப் புத்தகங்கள் வெளியிட்டிருந்தார். பிறகு யூதர்கள் அங்கே இருக்க முடியாத நிலை வந்தது. ஒரு பெட்டியோடு புறப்பட்டு, எங்கெங்கோ அலைந்து, மனைவியின் ஊரான பலேர்மோவுக்கு வந்து சேர்ந்தார். மனைவியும் இறந்துவிட்டார். வாசிக்க ஆளில்லாமலே மனிதர் எழுதிக்கொண்டிருந்தார்.

அம்மா ஒருநாள் பொறுக்க முடியாமல், இத்தாலியனில் எழுதினால் நாலு பேராவது வாசிப்பார்களே என்று கேட்டுவிட்டார். கோபம் வந்தால் நீ எந்த மொழியில் ஏசுவாய் என்று கிழவர் திருப்பிக் கேட்டார். தமிழில் என்றார் அம்மா. எனக்கு இன்னும் கோபம் தீரவில்லை என்றார் கிழவர்.

வளர்ந்த பிறகு நூலகத்தில் தேடிப் பார்த்தேன். அவருடைய காலத்தில் பக்தாத்தில் யூத இளைஞர்கள் பலர் அரபியில் கதையும் கவிதையும் எழுதியிருக்கிறார்கள், பத்திரிகை நடத்தியிருக்கிறார்கள். அரபிச் சிறுகதை நடை பழகிய நாட்களில் கை கொடுத்தவர்களில் அவர்களும் இருந்தார்கள். படித்தவர்கள் இதையெல்லாம் மறுப்பதில்லை. மேடை என்று வரும்போதுதான் எல்லோருக்கும் மறந்துவிடுகிறது.

அந்த வருடம் நகரத்தில் ஒரு சங்கம் அரபி எழுத்தாளர்களைக் கூட்டி வாசிப்பு மாலை ஒன்று ஏற்பாடு செய்தது. கிழவருக்கும் கடிதம் வந்தது. அவர் கதையை அந்த மொழி தெரிந்தவர்கள் காதால் கேட்க, நாற்பது வருடத்துக்குப் பிறகு கிடைத்த ஒரே சந்தர்ப்பம் அது. அம்மா அவருடைய கறுப்புக் கோட்டைத் தூசி தட்டி மினுக்கி மாட்டினார். கிழவர் குசினியில் நின்று கதையை உரக்க வாசித்துப் பழகினார். ஒரு சொல்லும் விளங்காத அம்மா வெங்காயம் வெட்டிக்கொண்டே "ஓம், ஓம்" என்று தலையாட்டினார்.

இரண்டு நாள் இருக்கும்போது சங்கத்திலிருந்து ஒருவர் வந்தார். ஒரு யூதர் வாசித்தால் தாங்கள் மேடையேற மாட்டோம் என்று சிலர் சொல்கிறார்களாம். ஆகவே வாசிக்க வேண்டாம், முன்வரிசையில் கௌரவ விருந்தினராக உட்காருங்கள் என்றார். கிழவர் கோட்டை எடுத்துத் தானே அலுமாரிக்குள் வைத்தார்.

வீட்டில் அம்மா இதைச் சொன்னதும் அப்பா கொதித்துப் போனார். "அரபியிலை எழுதிற மனுசன் அரபி எழுத்தாளன் இல்லாமல் வேறை ஆர்? பாஷை என்ன இவங்கடை அப்பன் வீட்டுச் சொத்தோ?" பக்கத்து வீட்டுக்காரர் சுவரில் தட்டும் வரைக்கும் கத்தினார். எனக்கு அப்பாவை நினைக்கப் பெருமையாக இருந்தது.

இரண்டு கிழமை கழித்து, எங்கள் தமிழ் விழா. விழாக் குழுவுக்கு அப்பாதான் செயலாளர். நிகழ்ச்சி நிரலைப் பெரிய கடதாசியில் எழுதும் பொறுப்பு எனக்கு. ஏழாவது, கவிதை. வாசிக்க இருந்தவர் மாமா. சொந்த மாமா இல்லை, இலங்கையில், மன்னாரில் அப்பாவோடு ஒரே பள்ளியில் படித்த முஸ்லிம். அப்பா அவரை மச்சான் என்பதால் எனக்கு மாமா. துறைமுகத்தில் கப்பல் கழுவினார். ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் வீட்டுக்கு வந்து, கொப்பி நிறைய வைத்திருந்த கவிதைகளை வாசித்துக் காட்டுவார். எல்லாம் தமிழ்தான். அவருக்கு வேறு மொழியில் எழுதவும் தெரியாது.

விழாவுக்கு முதல்நாள் குழுவினர் எங்கள் வீட்டில் கூடினார்கள். ஒரு முஸ்லிம் மேடையேறினால் தாங்கள் ஏறமாட்டோம் என்று இரண்டு பேர் சொன்னார்கள். அப்பா என்னிடம், "பிள்ளை, ஏழாவதை வெட்டு" என்றார். ஏன் என்று கேட்டேன். "அவையளுக்கு அவையளின்ரை விழா இருக்கு."

அடிமட்டம் வைத்துக் கோடு போட்டேன். கோடுகூட எவ்வளவு நேர், என்ன வடிவான எழுத்து என்று எல்லோரும் சொன்னார்கள். அவர்கள் போனதும் அம்மா குசினி வாசலுக்கு வந்து, "இனி அந்தக் கிழவற்றை முகத்திலை நான் எப்பிடி முழிக்கிறது?" என்று கேட்டார். "அது வேறை, இது வேறை" என்றார் அப்பா. அம்மாவுக்கு வேலையிடத்தில் ஏதோ சிக்கலாக்கும் என்று நான் நினைத்தேன்.

மன்னாரில் மாமாவின் சனங்களான முஸ்லிம்களை, துப்பாக்கியோடு வந்த தமிழ் இயக்கத்தார் கையில் எடுக்கக்கூடியதை எடுத்துக்கொண்டு வெளியேறச் சொன்ன நாளில் அப்பா தெருவோரம் நின்று பார்த்திருக்கிறார். இது எனக்குப் பிறகு தெரியவந்தது. அன்று வாய் திறந்திருந்தால் சுட்டிருப்பார்கள் என்று அப்பா சொன்னார். சரி, நம்புகிறேன். பலேர்மோவில் யார் அவரைச் சுட நின்றார்கள்?

மாமாவிடம் ஒருவரும் சொல்லவில்லை. அந்தத் தைரியம்கூட அவர்களில் யாருக்கும் இருக்கவில்லை. விழா நாள் வெள்ளைச் சட்டையும் மடித்த கடதாசியுமாக அவர் மண்டபத்துக்கு வந்தார். வாசலில் நான் நடன உடுப்போடு நின்றேன். "மகள், என்ட பேர் எத்தினையாவது?" என்று கேட்டார்.

"உங்கடை பேர் இல்லை மாமா. நான்தான் வெட்டினனான். கோடு நல்ல நேரா இருக்கெண்டு அப்பா சொன்னவர்" என்று சுவரில் ஒட்டியிருந்த நிரலைக் காட்டினேன்.

அவர் கிட்டப் போய்ப் பார்த்தார். "ஓம் மகள், நேராத்தான் இருக்கு" என்றார். பிறகு படியிறங்கிப் போய்விட்டார்.

எனக்குக் கண்மண் தெரியாத கோபம் வந்தது. என் நடனம் ஒன்பதாவது, அதைப் பார்க்காமல் போகிறாரே என்று. இனி மாமாவோடு கதைப்பதில்லை என்று அந்த வாசலிலேயே முடிவெடுத்தேன். அதற்குப் பிறகு அவர் எங்கள் வீட்டுக்கு வரவே இல்லை. நான் கோபம் போட்டதால்தான் வரவில்லை என்று நெடுநாள் நினைத்துக்கொண்டிருந்தேன்.